கொட்டகையிலிருந்து வெண்திரைக்கு: இயக்குநர் கே. சுப்பிரமணியம்

ஐரோப்பியர் ஓபரா என்று வழங்குவதை நாம் இசை நாடகம் என்கிறோம். பெயர்தான் அண்மைக் காலத்தது, பொருள் பழையது. 18ஆம் நூற்றாண்டில் சீர்காழி அருணாசலக் கவிராயர் இராம நாடகக் கீர்த்தனைகளைத் திருவரங்கத்தில் அரங்கேற்றினார். அடுத்த நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதியார் நந்தனார் சரித்திரத்தைப் பாடினார். அவர்களுக்குப் பின் தவத்திரு சங்கரதாஸ் சுவாமிகள் (1867-1922) அந்த மரபைக் கதாகாலட்சேப மேடையிலிருந்தும் வீட்டுத் திண்ணையிலிருந்தும் இறக்கி, கீற்றுக் கொட்டகைக்குக் கொண்டு வந்தார். பாத்திரங்கள் பேசிக்கொள்வதைவிடப் பாடிக்கொள்வதே அதிகம் என்ற அளவில் அவருடைய நாடகங்கள் அமைந்தன. கோபமும் பாட்டு, கெஞ்சலும் பாட்டு, வழக்காடுவதும் பாட்டு. இத்தகைய ஒரு கலை வெண்திரைக்கு வந்தபோது என்ன பெற்றது, என்ன இழந்தது என்பதைக் கவிதை எழுதுவோரும் பாட்டு எழுதுவோரும் கூடியிருக்கும் நம் வட்டம் எண்ணிப் பார்ப்பது பொருத்தமே. அதற்குக் கே. சுப்பிரமணியத்தின் வாழ்க்கையைப் போல் தெளிவான சான்று வேறில்லை.

மொரப்பூர்க்காரர்களுக்குத் திரைப்படம் என்றவுடன் நினைவுக்கு வருவது சேலம் மாடர்ன் தியேட்டர்ஸும் அதன் அதிபர் டி. ஆர். சுந்தரமும்தான். 1965 வரை நாமும் சேலம் மாவட்டத்தைச் சேர்ந்தவர்களே. ஆயினும் சுந்தரம் இசை நாடகத்தைச் சுற்றி நடந்தவர் அல்லர். அவருடைய வேகமும் ஆர்வமும் வேறு. இக்கட்டுரைக்குரியவர் காவிரிக் கரையிலிருந்து வந்தவர்.

சுப்பிரமணியம் 1904ஆம் ஆண்டு ஏப்ரல் 20ஆம் நாள் தஞ்சை மாவட்டத்துப் பாபநாசத்தில் பிறந்தார். சட்டம் பயின்று வழக்கறிஞரானார். இந்தப் பயிற்சியை வாசகர் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டுகிறேன், பின்னால் தேவைப்படும். பேசாப் படங்களின் கடைசி ஆண்டுகளில் ராஜா சாண்டோ இயக்கிய படங்களுக்குத் திரைக்கதை எழுதுபவராகச் சினிமாவுக்குள் நுழைந்தார். அதாவது, ஒலியே இல்லாத ஒரு கலையில் அவர் தொழில் கற்றார். பின்னர் ஐம்பது பாட்டுக்களைக் கொண்ட படம் எடுக்கப் போகிறவருக்கு இது விந்தையான பள்ளிதான். ஆனால் காட்சி என்பது பாட்டின்றியும் நிற்க வேண்டும் என்ற பாடம் அங்கேதான் அவருக்குக் கிடைத்திருக்க வேண்டும் என்று தோன்றுகிறது.

தமிழில் பேசும் படம் 1931இல் காளிதாஸுடன் வந்தது. அடுத்த மூன்றாண்டுகள் தமிழ்ப் படங்கள் பெரும்பாலும் பம்பாயிலும் கல்கத்தாவிலும் தயாராயின. நாடகக் கொட்டகையில் நன்றாக ஓடிய கதையை, நடிகர், ஆர்மோனியக்காரர், மிருதங்கக்காரர் சகிதம் இரயிலேற்றிக் கொண்டுபோய்ப் படம் பிடித்துத் திரும்புவதே வழக்கம். 1933இல் சாமிக்கண்ணு வின்சென்ட் எடுத்த வள்ளி திருமணம் இப்படி வந்து பெருவெற்றி பெற்றது. ஆகவே இசை நாடகத்தைத் திரைக்குக் கொண்டுவந்த முதல்வர் சுப்பிரமணியம் அல்லர். கொண்டுவந்த பிறகு அதை என்ன செய்வது என்று கவலைப்பட்டவர்களில் அவர் முதல்வர்.

அக்காலத்து ஸ்பெஷல் நாடகத்தைப் பற்றி இங்கே சிறிது சொல்லியாக வேண்டும். இளைய உறுப்பினர் பலர் அதைப் பார்த்திருக்க மாட்டார்கள். பல ஊர்களிலிருந்து வரும் நடிகர்கள் ஓர் இரவுக்கு மட்டும் ஒரு மேடையில் கூடுவார்கள். ஒத்திகை கிடையாது. சுவாமிகளின் பாட்டும் கதைப்போக்கும் எல்லோருக்கும் மனப்பாடம். அந்தச் சட்டத்துக்குள் அன்றைய இரவின் வாதம் அன்றே பிறக்கும். வள்ளியும் வேலனும் தர்க்கம் செய்யும்போது யார் வெல்வார் என்பது நடிப்பவர்களுக்கே தெரியாது. அவையோர் ஒன்ஸ் மோர் கேட்டால் பாட்டு மீண்டும் எழும், இராகம் வளரும், கதை காத்துக்கொண்டு நிற்கும். பொழுது விடியும் வரை நாடகம். இந்த மேடையில் எஸ். ஜி. கிட்டப்பா அரசராக விளங்கினார். 1933 டிசம்பரில் 27 வயதில் அவர் மறைந்தார். இசைத்தட்டில் அவர் குரல் இருக்கிறது. படத்தில் அவர் உருவம் இல்லை. ஒரு காலம் முடிந்ததற்கு இதைவிடத் தெளிவான எல்லைக்கல் வேண்டியதில்லை.

அதற்கு அடுத்த ஆண்டு, 1934இல், பவளக்கொடி வெளிவந்தது. அல்லியின் மகன் புலந்திரன் பவளத்தேர் வேண்டும் என்று அடம்பிடிக்க, அருச்சுனன் பவளத் தீவுக்குப் போய் அதன் அரசியை மணந்து வரும் கதை. வியாசர் அறியாத மகாபாரதம் இது; புகழேந்திப் புலவர் பெயரில் பெரிய எழுத்துப் புத்தகமாகச் சந்தைகளில் விற்ற கதை. சங்கரதாஸ் சுவாமிகள் இதை நாடகமாக்கியிருந்தார். அருச்சுனனாக எம். கே. தியாகராஜ பாகவதரும் பவளக்கொடியாக எஸ். டி. சுப்புலட்சுமியும் மேடையில் நடித்துப் புகழ் பெற்றிருந்தனர். நாடக அமைப்பாளரான எஸ். எம். லெட்சுமணன் செட்டியார் இதைப் படமாக்க முனைந்தார். இயக்கும் பொறுப்பு முப்பது வயது சுப்பிரமணியத்திடம் வந்தது. மேடையின் இணையையே திரைக்கும் எடுத்துக்கொண்டார். இருவருக்கும் அதுவே முதல் படம்; இயக்குநருக்கும் அதுவே முதல் படம்.

இம்முறை பம்பாய்க்குப் போகவில்லை. சென்னை அடையாற்றில் மீனாட்சி சினிடோன் என்ற படப்பிடிப்புத் தளம் அமைந்திருந்தது. தளம் என்றதும் இன்றைய கூடங்களை எண்ணிவிடக் கூடாது. திறந்தவெளி, சூரியனே விளக்கு. மேகம் வந்தால் அருச்சுனன் காத்திருக்க வேண்டியதுதான். பின்னணிக் குரல் என்ற ஏற்பாடு அப்போது தமிழில் இல்லை. அது 1938இல் ஏவி. மெய்யப்பனின் நந்தகுமாருடன் வந்தது. எனவே நடிப்பவர் காமிரா முன்னேயே பாட வேண்டும். பக்கவாத்தியக்காரர்கள் படத்தில் விழாதபடி மறைவில் அமர்ந்து வாசிக்க வேண்டும். இதற்கிடையே காகங்கள். தளத்தில் உணவைக் கண்டு கூடிக் கத்திய காகங்கள் ஒலிப்பதிவில் புகுந்ததால், அவற்றைத் துப்பாக்கியால் விரட்டுவதற்கென்றே ஜோ என்ற ஆங்கிலோ இந்தியரைச் சம்பளத்துக்கு வைத்திருந்தார்கள் என்று திரைப்பட வரலாற்றாளர் எழுதியிருக்கின்றனர். பாகவதரின் உச்சத்தாயிக்கும் காகத்தின் கரைதலுக்கும் இடையே நின்று காவல் காத்த அந்த மனிதரைத் தமிழிசையின் வரலாற்றிலும் ஓரமாகச் சேர்த்துக்கொள்ளலாம்.

பாபநாசம் சிவன் பாட்டுக்களை அமைத்தார். ஏறத்தாழ ஐம்பது பாட்டுக்கள். இன்று கேட்பவர்க்கு வியப்பாயிருக்கும். அன்று அது இயல்பு. ஆனால் ஒரு வேறுபாட்டை நாம் கவனிக்க வேண்டும். ஆயிரம் அடிச் சுருள் ஏறத்தாழ 11 நிமிடம் ஓடும். பாட்டு அதற்குள் அடங்க வேண்டும். ஒன்ஸ் மோர் என்று கொட்டகையில் எத்தனை பேர் கூவினாலும் திரையிலிருக்கும் பாகவதர் திரும்பிப் பாட மாட்டார். தர்க்கப் பாட்டில் யார் வெல்வார் என்பது படம் பிடித்த அன்றே முடிந்துபோன செய்தி. இசை நாடகத்தின் பாட்டு திரைக்கு வந்தபோது அதன் நீளம் மட்டும் குறையவில்லை. அதன் நிச்சயமின்மை போயிற்று. அந்த இரவில் அந்த அவைக்காகப் பிறந்த பாட்டு, எல்லா ஊருக்கும் ஒரே பாட்டாக நிலைத்தது. பாட்டெழுதும் கை இதனால் உயர்ந்தது. பாடும் வாயின் உரிமை குறைந்தது. இதை ஆதாயம் என்பாரும் உண்டு. என் கணக்கில் இழப்பே சற்றுக் கூடுதல்.

மேனாட்டார் இதே சிக்கலை வெகுகாலம் கழித்துத்தான் விரிவாக எதிர்கொண்டனர். மொஸார்ட்டின் மாயப் புல்லாங்குழலை இங்மார் பெர்க்மன் 1975இல் படமாக்கியபோது, 18ஆம் நூற்றாண்டு நாடக அரங்கு ஒன்றைப் படப்பிடிப்புத் தளத்துக்குள்ளேயே கட்டி, அவையோரின் முகங்களையும் காட்டினார். மேடையை அவர் மறைக்க விரும்பவில்லை. 1979இல் ஜோசப் லோசி டான் ஜியோவானியை மேடையிலிருந்து வெளியே அழைத்து வந்து, இத்தாலியின் பல்லாடியோ மாளிகைகளிலும் திறந்த வெளியிலும் பாட வைத்தார். மேடையை வைத்துக்கொள்வதா, விட்டுவிடுவதா? இரண்டே வழிகள். பவளக்கொடியில் சுப்பிரமணியம் முதல் வழியில் நின்றார். படம் பெருவெற்றி. அதே வழியில் பத்துப் படங்கள் எடுத்து வாழ்ந்திருக்கலாம். பலர் அப்படித்தான் வாழ்ந்தனர்.

அடுத்து வந்த அவருடைய படங்களின் பெயர்களிலேயே ஓர் அமைதியின்மை தெரிகிறது. 1935இல் நவீன சதாரம்; 1936இல் நவீன சாரங்கதாரா. சதாரமும் சாரங்கதரனும் கொட்டகையில் ஊறிய கதைகள். அவற்றின் தலையில் நவீன என்ற சொல் ஏறியதற்கு, அதே கதைகளின் வேறு படங்களிலிருந்து பிரித்துக் காட்டும் வாணிகத் தேவையும் இருந்தது. எனினும் பழைய கதையை அப்படியே தர இவருக்குக் கூச்சம் வந்துவிட்டது என்றே கொள்கிறேன். 1936இல் பக்த குசேலா. குசேலராகப் பாபநாசம் சிவனே நடித்தார். எஸ். டி. சுப்புலட்சுமி கண்ணனாகவும் குசேலரின் மனைவியாகவும் இரு வேடம் தாங்கினார். பாட்டு எழுதியவரே பாத்திரமாக வந்து அதைப் பாடும்போது, அது பாகவதரின் பாட்டைப் போல் அவையை வெல்ல முயல்வதில்லை. வறியவன் ஒருவன் தனக்குத்தானே முணுமுணுப்பது போல் இறங்குகிறது. பாடகரல்லாத பாட்டுக்காரரைத் தேர்ந்தது தற்செயலன்று.

இதே ஆண்டுகளில் நந்தனார் சரித்திரமும் திரைக்கு வந்தது. 1935இல் கே. பி. சுந்தராம்பாள் நந்தனாராகவும் மகாராஜபுரம் விசுவநாதய்யர் வேதியராகவும் நடித்தனர். சுந்தராம்பாளுக்கு இலட்ச ரூபாய் ஊதியம் என்பது நாடு முழுதும் பேச்சாயிற்று. குரல்தான் முதல், கதை பிறகு என்று தயாரிப்பாளர்கள் எண்ணிய காலம் அது. நம் பகுதியிலும் அந்த எண்ணமே நிலவியிருக்கும். மொரப்பூரிலிருந்து தர்மபுரிக்கும் பின் ஓசூருக்கும் சென்ற குறுகிய இரயில் பாதை 1941 வரை இருந்தது. இத்தகைய இரயிலடி ஊர்களை நம்பித்தான் நாடகக் கம்பெனிகளும் கூடாரச் சினிமாக்களும் நாட்டைச் சுற்றின. கூடாரத்து மணலில் அமர்ந்தவர் தெருக்கூத்தில் விடிய விடிய அருச்சுனனைப் பார்த்தவர். அவருக்குப் பாட்டில்லாத படம் உப்பில்லாத கூழ். சுப்பிரமணியம் யாரை மீறத் துணிந்தார் என்பதை உணர, இந்த மணலையும் நினைக்க வேண்டும்.

1937இல் பாலயோகினி வந்தது. புராணம் இல்லை, அரசன் இல்லை. வசதியான உறவினரின் வீட்டிலிருந்து வெளியேறும் ஒரு விதவையும் அவள் மகளும் வேலைக்காரனின் குடிசையில் அடைக்கலம் புகுகிறார்கள். சிறுமி சாதியைக் கேள்வி கேட்கிறாள். விதவைப் பாத்திரத்துக்கு உண்மையிலேயே கைம்மை பூண்ட அந்தணப் பெண்மணி ஒருவரையே சுப்பிரமணியம் நடிக்கச் செய்தார். தஞ்சை வைதிகர்கள் அவரைச் சாதியிலிருந்து விலக்கினர். சிறுமியாக நடித்த பேபி சரோஜாவின் பெயரைத் தமிழ்நாட்டில் எத்தனையோ குழந்தைகளுக்கு இட்டார்கள். நம் பாட்டிமாருள் சரோஜாக்கள் மிகுதியாக இருப்பதற்கு அந்தப் படமும் ஒரு காரணம். பாட்டுக்கள் இதிலும் உண்டு. ஆனால் கதைக்குப் பாட்டு வேண்டியிருக்கிறதா என்ற கேள்வி முதன்முறையாக எழுந்துவிட்டது.

1938இல் சேவாசதனம். பிரேம்சந்தின் நாவல். எம். எஸ். சுப்புலட்சுமியின் முதல் படம். ஏழ்மையால் ஒரு முதியவருக்கு வாழ்க்கைப்படும் இளம்பெண்; அம்முதியவராக எப். ஜி. நடேசய்யர். கச்சேரி மேடையில் புகழேறிக்கொண்டிருந்த ஒரு குரலை வாங்கி வந்து, அக்குரலுக்காகக் கதை பண்ணுவது எளிய காரியம். இவர் அக்குரலை ஒரு துன்பக் கதைக்குள் வைத்தார். எம். எஸ். பாடும்போது அவையோர் இசையையும் கேட்டார்கள், அந்தப் பெண் எங்கே போய்ச் சேரப் போகிறாள் என்ற அச்சத்தையும் சுமந்தார்கள். இசை நாடகம் தன் உச்சத்தில் செய்ய வேண்டியதும் இதுவே. பாட்டைக் குறைத்ததன் பயனாகவே அது கைகூடிற்று என்பதுதான் வியப்பு.

இவ்வழியின் முடிவு 1939இன் தியாகபூமி. கல்கியின் கதை ஆனந்த விகடனில் தொடராக வர, படத்தின் காட்சிகளே அதற்குச் சித்திரங்களாக அச்சாயின. சம்பு சாஸ்திரியாகப் பாபநாசம் சிவன். மகள் சாவித்திரியாக எஸ். டி. சுப்புலட்சுமி. புயலில் வீடிழந்த ஒடுக்கப்பட்ட மக்களுக்கு இடங்கொடுத்ததால் சாஸ்திரி ஊர்விலக்குக்கு ஆளாகிறார். கணவனால் ஒதுக்கப்பட்ட சாவித்திரி பின்னாளில் செல்வச் சீமாட்டி உமாராணியாகத் திரும்பி வருகிறாள். கணவன் அவளைத் தன்னோடு வாழச் சொல்லி வழக்குத் தொடுக்கிறான். அவள் மறுக்கிறாள்; வேண்டுமானால் அவனுக்கு ஜீவனாம்சம் தருவதாகச் சொல்கிறாள். 1939இல் ஒரு தமிழ்ப் படம் இதைச் சொல்லிற்று.

அந்தக் காட்சி நீதிமன்றத்தில் நிகழ்கிறது. இங்கேதான் பழைய வழக்கறிஞரை நினைக்கச் சொன்னேன். பவளக்கொடியில் எல்லா வழக்கையும் பாட்டால் தீர்த்தவர், தம் வாழ்நாளின் மிகக் கனமான வழக்கைப் பேச்சுக்கு விட்டுவிட்டார். அதே சுப்புலட்சுமிதான், ஐந்தாண்டுகளுக்கு முன் பாடிப் புகழ் பெற்ற அதே குரல். கூண்டில் நின்று பேசுகிறது. பாட்டோ, வீட்டில் சாஸ்திரியின் பக்தியிலும், தொண்டர்களின் ஊர்வலத்திலும் போய் அமர்கிறது. தேசத் தொண்டுக்கு அழைக்கும் பாட்டை டி. கே. பட்டம்மாள் பாடினார், அவர் திரையில் தோன்றவில்லை. முகமற்ற அந்தக் குரல் யாருக்கும் சொந்தமில்லாததால் எல்லோருக்கும் சொந்தமாயிற்று. ஸ்பெஷல் நாடகத்தில் பாட்டு பாடுபவனின் உடைமை. இங்கே அது ஊர்வலத்தின் உடைமை.

காங்கிரஸ் அமைச்சரவை 1939 இறுதியில் விலகிய பின் ஆங்கில அரசு தியாகபூமியைத் தடை செய்தது. ஆணை கைக்கு வருமுன் யார் வேண்டுமானாலும் பார்க்கட்டும் என்று சென்னைக் கெயிட்டி திரையரங்கில் இலவசமாகத் தொடர்ந்து காட்டினார்கள் என்றும், கூட்டத்தைக் கலைக்கப் போலீசார் தடியடி நடத்தினர் என்றும் வரலாறு. ஒரு வேளை பாட்டைத் தனியே எடுத்து அரசு அஞ்சியிருக்காது; தேசபக்திப் பாட்டுக்கள் மேடையில் முன்பே ஒலித்தவைதாம். கதையோடு ஒட்டிய பாட்டு என்பதே அச்சத்தை விளைத்தது.

தமிழ்ப் பாட்டுக்கு இந்தப் படங்கள் செய்த மற்றொரு தொண்டையும் சொல்ல வேண்டும். தமிழிசைச் சங்கம் 1943இல் தோன்றியது. கச்சேரி மேடையில் தமிழுக்கு இடம் கேட்டுப் போராட வேண்டியிருந்த அக்காலத்துக்குச் சில ஆண்டுகள் முன்பிருந்தே, சிவனின் தமிழ்ப் பாட்டுக்கள் படத்தின் வழியாகவும் இசைத்தட்டின் வழியாகவும் பட்டிதொட்டிகளை எட்டிவிட்டன. கற்றோர் அவையில் வாதம் நடந்துகொண்டிருந்தபோது, கூடாரத்து மணலில் தீர்ப்பு முன்னரே வழங்கப்பட்டிருந்தது எனலாம்.

பிற்பட்ட ஆண்டுகளை விரைந்தே சொல்லலாம். கச்சதேவயானி 1941இல் வந்து டி. ஆர். ராஜகுமாரியைப் புகழேற்றியது. 1942இல் அனந்தசயனம். அவருடைய கூட்டுத் தயாரிப்பு நிறுவனத்தின் ஸ்டூடியோ தீக்கிரையாகி ஏலத்துக்கு வந்தது, எஸ். எஸ். வாசன் அதை வாங்கி ஜெமினி ஆக்கினார். போர்க்காலத்தில் கச்சாப் பிலிம் தட்டுப்பாட்டால் ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று 1942இல் அரசு விதித்தது. தமிழ்ப் படங்களில் பாட்டின் எண்ணிக்கை சுருங்கியதற்கு இந்தக் கத்தரிக்கோலும் முக்கியமான காரணம். சுப்பிரமணியம் மனமொப்பிச் செய்ததைப் பிறர் விதிக்குப் பணிந்து செய்தார்கள். 1945இல் போர் முயற்சிக்கு ஆதரவான மானசம்ரட்சணத்தை எடுத்தார். தியாகபூமியைத் தடை செய்த அரசுக்காக அவர் இதை எடுக்க நேர்ந்ததை நான் பெரிய குறையாகக் கொள்ளவில்லை. பெருமையாகவும் கொள்ள முடியவில்லை. 1949இல் கீத காந்தி. அதன்பின் காலம் மாறிவிட்டது. பராசக்தி வந்த 1952ஐ எண்ணிப் பாருங்கள். நீதிமன்றக் கூண்டில் நின்று நாயகன் பேசும் பேச்சே படத்தின் சிகரம். பேச்சு அரியணை ஏறிவிட்டது. அந்த அரியணைக்கு முதல் படியை வெட்டியவர் தியாகபூமியின் இயக்குநர் என்பதை அப்போது நினைத்தவர் சிலரே.

பிற்காலத்தில் அவர் படங்களைவிடச் சங்கங்களுக்கே மிகுதியாக உழைத்தார். தென்னிந்தியத் திரைப்பட வர்த்தக சபையைத் தோற்றுவித்தவர்களுள் ஒருவர். நடிகர் சங்கம் உருவாகத் துணை நின்றவர். 1942இல் நிருத்தியோதயா என்ற நாட்டியப் பள்ளியை நிறுவினார். பாட்டுக்குத் திரையில் இடம் குறுகிய அதே ஆண்டில் ஆட்டத்துக்கு ஒரு வீடு கட்டினார் என்பது கவனிக்கத்தக்கது. அவர் மகள் பத்மா சுப்பிரமணியம் அப்பள்ளியிலிருந்தே வளர்ந்து, நாட்டிய சாத்திரத்தின் 108 கரணங்களை ஆராய்ந்தார், மகன் எஸ். கிருஷ்ணசாமி ஆவணப்பட இயக்குநரானார், எரிக் பார்னோவுடன் சேர்ந்து 1963இல் இந்தியத் திரைப்பட வரலாற்றை எழுதினார்.

சுப்பிரமணியம் 1971ஆம் ஆண்டு ஏப்ரல் 7ஆம் நாள் காலமானார். பாகவதர் அதற்குப் பன்னிரண்டு ஆண்டுகள் முன்பே, 1959இல், மறைந்திருந்தார். பாபநாசம் சிவன் இருவருக்கும் பின், 1973இல். தியாகபூமியின் படி புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் பாதுகாக்கப்பட்டுள்ளது. மதுரை, புதுக்கோட்டைப் பக்கத்துத் திருவிழாக்களில் வள்ளியும் வேலனும் இன்னும் விடிய விடியத் தர்க்கம் செய்கிறார்கள். யார் வெல்வார் என்பது அங்கே இன்றும் முன்கூட்டித் தெரிவதில்லை.